முந்நூற்று நாற்பத்து மூன்று மாதங்கள்

அந்த எண்ணை முதலில் படித்தது நான் இல்லை. எங்கள் கம்பெனியின் கணக்குப் பிரிவில் வேலை பார்த்த பெண்தான் படித்தாள்.

கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் கார்களுக்கு ஒயர் கட்டுகள் செய்யும் கம்பெனி எங்களுடையது. பதினோரு வருடமாக அங்கே இருக்கிறேன். அப்போது ஒரு லைனுக்கு லீடராகியிருந்தேன். என் கணவர் அதே சிப்காட்டில் ஓர் இரும்பு உருக்காலையில் கிரேன் ஓட்டுகிறார். எங்களுக்கு ஒரே மகள், ஒன்பதாவது படித்துக்கொண்டிருந்தாள். கவரைப்பேட்டை ஸ்டேஷனிலிருந்து இரண்டு கிலோமீட்டர் உள்ளே, புதிதாகப் பிரித்த மனைகளில் ஒன்றில், இரண்டு படுக்கையறை வைத்த வீடு ஒன்றை வாங்கி மூன்று வருடம் ஆகியிருந்தது. கையிலிருந்த ஏழு லட்சம் போக, இருபது லட்சம் வீட்டுக்கடன். மாதம் பதினைந்தாயிரத்து ஐந்நூற்று ஆறு ரூபாய். இருபது வருடம். இவ்வளவுதான் அந்தக் கடனைப் பற்றி எனக்குத் தெரிந்தது.

ஸ்டேஷனுக்கு ஷேர் ஆட்டோ கிடைக்காமல் தினமும் ஓடுவதால் ஒரு ஸ்கூட்டர் வாங்கலாம் என்று நினைத்தேன். கம்பெனியின் கூட்டுறவுச் சங்கத்தில் அதற்குக் கடன் தருவார்கள். வேறு கடன் இருந்தால் அதன் ஸ்டேட்மென்ட் வேண்டும் என்றார்கள். வீட்டுக்கடனில் நானும் கையெழுத்துப் போட்டவள் என்பதால், கடன் கொடுத்த நிறுவனத்துக்குப் போன் செய்து கேட்டேன், மெயிலில் அனுப்பிவிட்டார்கள். கணக்குப் பிரிவுப் பெண் அதை பிரின்ட் எடுத்துக்கொண்டே ஒருமுறை பார்த்தாள். மறுபடியும் பார்த்தாள்.

"அக்கா, உங்க ஊட்டு லோன் எத்தினி வருஷம்?"

"இருபது. மூணு முடிஞ்சிடுச்சி. இன்னும் பதினேழு."

"இதுல வேற மாதிரி போட்டுக்கீதே. பாக்கி மாசம் முன்னூத்தி நாப்பத்தி மூணுன்னு இருக்குது."

நான் சிரித்தேன். இருநூற்று நான்குதானே இருக்கவேண்டும், யாரோ தப்பாக அடித்திருப்பார்கள் என்றேன். அவள் சிரிக்கவில்லை. பேனாவால் இன்னொரு இடத்தைச் சுட்டினாள். பாக்கி அசல், பத்தொன்பது லட்சத்து ஏழாயிரத்துச் சொச்சம்.

"மூணு வருஷம் கட்டியும் ஒரு லட்சம் கூட கொறையல அக்கா."

அந்தத் தாளை மடித்து டிபன் பையில் வைத்துக்கொண்டு லைனுக்குத் திரும்பினேன். அன்று மாலைவரை என் கை தன் வேலையைச் செய்தது. மனசு வகுத்துக்கொண்டே இருந்தது. முந்நூற்று நாற்பத்து மூன்றைப் பன்னிரண்டால் வகுத்தால் இருபத்தெட்டு வருடம், ஏழு மாதம். என் கணவருக்கு அப்போது நாற்பத்து மூன்று வயது. கடன் முடியும்போது எழுபத்தொன்று தாண்டியிருக்கும். உருக்காலையில் ஐம்பத்தெட்டில் அனுப்பிவிடுவார்கள்.

ஷிப்ட் முடிந்து வெளியே வரும்போது கேட்டில் வழக்கமாக நிற்கும் வயதான வாட்ச்மேன் பையைத் திறந்து காட்டச் சொன்னார். அத்தனை வருடத்தில் அவரிடம் நான் கேட்காத ஒன்றை அன்று கேட்டேன்.

"நைனா, உனக்கு இன்னா வயசு ஆவுது?"

"எழுவது தாண்டிடுச்சி மா. ஆதார்ல கம்மியா போட்டுக்கீறாங்க. அதனால வெச்சிக்கினு கீறாங்க."

அவர் காலில் ஷூ இல்லை. வீக்கத்தால் நுழையவில்லை என்று செருப்புப் போட்டிருந்தார். நான் அந்தக் கால்களைப் பார்த்தபடி நின்றதில், எனக்குப் பின்னால் வரிசை சேர்ந்துவிட்டது. "நவுரு மா" என்று அவரே சொல்லவேண்டி வந்தது.

வீட்டில் எதுவும் சொல்லவில்லை. முதலில் அது தவறான தாள் என்று யாராவது சொல்லவேண்டும் என்று இருந்தது. இரண்டு நாள் கழித்து லீவு போட்டுவிட்டு, கம்பெனிக்குப் போவதுபோலவே கிளம்பி, பெரியபாளையம் போய், அங்கே பஸ் மாறித் திருவள்ளூருக்குப் போனேன். எங்கள் கடன் அந்தக் கிளையில்தான் இருந்தது. பஸ்ஸில் பக்கத்தில் இருந்த அம்மாள் பூ கட்டிக்கொண்டு வந்தாள். கொஞ்சம் எடுத்துக்கோ என்று நீட்டினாள். வாங்க எனக்குக் கை எழவில்லை.

கடன் பிரிவில் இருந்த அதிகாரி சின்ன வயதுக்காரர், மரியாதையானவர். தாளை வாங்கிப் பார்த்து, சரியாகத்தான் இருக்கிறது என்றார்.

"உங்களுது மாறுற வட்டி மேடம். நீங்க வாங்கும்போது ஏழு பர்சென்ட். இப்போ ஒன்பது."

"ஆனா தவணை ஏறலையே சார். அதே பதினஞ்சாயிரத்து ஐநூத்தி ஆறு தான புடிச்சிக்கினு கீறீங்க?"

"தவணைய ஏத்தல. அதுக்குப் பதிலா மாசத்த ஏத்தியிருக்கோம். அக்ரிமென்ட்ல இருக்கு. சாருக்கு மெசேஜும் வந்திருக்கும்."

என் கணவர் இங்கிலீஷ் மெசேஜ் எதையும் திறந்து பார்க்கமாட்டார் என்று நினைத்துக்கொண்டேன். அக்ரிமென்டில் நாற்பது பக்கம் இருந்தது நினைவுக்கு வந்தது. ஒவ்வொரு பக்கத்திலும் என் கையெழுத்து இருக்கிறது. அன்றைக்குப் பேனா மை தீர்ந்து, வேறு பேனா வாங்கிப் போட்டேன்.

அதிகாரி கம்ப்யூட்டரை என் பக்கம் திருப்பினார். முதல் மாதத் தவணையில் வட்டிக்குப் பதினோராயிரத்து அறுநூற்று அறுபத்தேழு போயிருந்தது. அசலில் மூவாயிரத்து எண்ணூற்று முப்பத்தொன்பது கழிந்திருந்தது. போன மாதத்தைக் காட்டினார். வட்டி பதினாலாயிரத்து முந்நூற்றுப் பதினேழு. அசலில் கழிந்தது ஆயிரத்து நூற்று எண்பத்தொன்பது.

"அப்போ மூணு வருஷத்துல நாங்க கட்டினது?"

"அஞ்சு லட்சத்து அம்பத்தெட்டாயிரம்."

"கழிஞ்சது?"

"தொண்ணூத்தி ரெண்டாயிரம்."

எனக்கு உடனே அழுகை வரவில்லை. ஏ.சி. சத்தம் தூரமாகப் போய்விட்டது. இதே மாதிரி கடைசி வரைக்கும் கட்டினால் மொத்தம் எவ்வளவு ஆகும் என்று கேட்டேன். அவர் கால்குலேட்டரில் தட்டினார்.

"அம்பத்தெட்டு லட்சத்துக்கு மேல வருது." கொஞ்சம் நிறுத்தி, "இந்தக் கேள்விய இதுவரைக்கும் யாரும் என்கிட்ட கேட்டதில்ல மேடம்" என்றார்.

"வட்டி இன்னும் ஏறினா சார்?"

"முக்கால் பர்சென்ட் ஏறினா நீங்க கட்டுற தவணை வட்டிக்கே சரியா போயிடும். அசல் கொறையாது. அந்த நிலைமை வர்றதுக்கு முன்னாடி தவணைய ஏத்தச் சொல்லி நாங்களே கேட்டுடுவோம்."

"கட்ட முடியலன்னா?"

"அப்படியெல்லாம் யோசிக்காதீங்க மேடம்."

முடியாவிட்டால் என்ன ஆகும் என்று அவர் சொல்லியிருந்தால் கூட இவ்வளவு பயந்திருக்கமாட்டேன். யோசிக்காதே என்று சொன்னதுதான் பயமுறுத்தியது. தவணையைக் கூட்டலாம், கையில் பணம் சேர்ந்தால் நடுவில் கட்டலாம் என்று அவர் மேற்கொண்டு ஏதேதோ சொன்னார். தலையாட்டினேன். ஒன்றும் ஏறவில்லை.

இந்த வீட்டை வாங்கச் சொன்னது நான். அதுதான் உள்ளே அறுத்துக்கொண்டிருந்தது. பொன்னேரியில் ஐந்து வருடத்தில் மூன்று வாடகை வீடு மாறினோம். கடைசி வீட்டுக்காரர் மகனுக்குக் கல்யாணம் என்று ஒரு மாத அவகாசத்தில் காலி செய்யச் சொன்னார். என் கணவருக்கு இன்னொரு வாடகை வீடே போதும் என்றிருந்தது. நான்தான் விடவில்லை. "வாடகையா குடுக்கற காச தவணையா குடுத்தா ஊடு நம்முது ஆயிடும்" என்று எத்தனை முறை சொல்லியிருப்பேன். கம்பெனியில் பெண்கள் எல்லோரும் சொல்வதுதான். வாடகையையும் தவணையையும் ஒப்பிட்டுப் பார்த்தோமே தவிர, எத்தனை வருடம் என்பது மாறக்கூடியது என்று எங்களில் ஒருத்திக்கும் தோன்றவில்லை.

திருவள்ளூரிலிருந்து திரும்பிய அன்று வாசலில் நின்று வீட்டைப் பார்த்தேன். ஜன்னலுக்கு மேலே சுவரில் மயிரிழை போல ஒரு விரிசல் இருந்தது. முன்பே இருந்ததுதான். இன்னும் இருபத்தெட்டு வருடம் கடன் கட்டவேண்டிய சுவர் அதுவரை நிற்குமா என்று அன்றுதான் யோசித்தேன். கடனோடு சேர்த்து அவர் பெயரில் எடுத்த காப்பீடு இருபது வருடத்துக்கானது. அதற்கு மேல் அவருக்கு ஏதாவது என்றால், அறுபது வயதுக்கு மேல் நான் எங்கே போய் நிற்பேன்? மகளின் தலையில் விழுமா? அவர் ஐந்து நிமிடம் தாமதமாக வந்தால் கிரேன் ஞாபகம் வந்தது. குழம்புக்கு உப்புப் போட்டேனா என்று மறந்து, இரண்டு முறை போட்டேன்.

"அம்மா, இன்னாம்மா ஆச்சி உனக்கு? ரொம்ப பேஜாரா கீற" என்றாள் மகள்.

"வேலை ஜாஸ்தி" என்றேன்.

பதினொரு நாள் இப்படிப் போயிற்று. பொங்கலுக்கு நான்கு நாள் இருந்தது. ஞாயிற்றுக்கிழமை காலை அவர் ஸ்டேஷன் பக்கத்துக் கடையிலிருந்து இரண்டு வாளி பெயின்டும் பிரஷ்ஷும் வாங்கி வந்து முன்சுவரைச் சுரண்ட ஆரம்பித்தார். வாளியில் ஒட்டியிருந்த விலையைப் பார்த்தேன். எனக்குள் ஏதோ பிய்த்துக்கொண்டது.

"எவன் ஊட்டுக்கு நீ பெயின்ட் அடிக்கிற?"

பதினாறு வருடத்தில் அவரை நான் 'நீ' என்று சொன்னது அதுதான் முதல்முறை. அவர் கோபப்படுவார் என்று நினைத்தேன். சுரண்டிய கையை நிறுத்தி, முகத்தைத் திருப்பாமலே கேட்டார்.

"உனுக்கு எப்டி தெரிஞ்சது?"

அவர் கேட்டது என்ன என்று புரிய எனக்கு ஒரு நிமிடம் பிடித்தது. பிறகு வாசற்படியில் உட்கார்ந்துவிட்டேன்.

"உங்களுக்கு தெரியுமா?"

"ஒன்றரை வருஷமா தெரியும். மெசேஜ் வந்துது. எங்க இன்ஜினியர்கிட்ட காட்டினேன். அவுருதான் படிச்சி சொன்னாரு. அப்புறம் ஒரு லெட்டரும் வந்துது. கம்பெனி லாக்கர்ல வெச்சிக்கீறேன்."

"ஏன் என்கிட்ட சொல்லல?"

"ஆசைப்பட்டு இஸ்துகினு வந்தது நீ. சொன்னா உன்னையே திட்டிக்கினு கெடப்ப. நானே சரி பண்ணிட்டு சொல்லலாம்னு இருந்தேன்."

சரி செய்யும் வழி என்று அவர் நினைத்தது ஓவர்டைம். ஒன்றரை வருடமாக வாரத்தில் மூன்று நாள் இரட்டை ஷிப்ட் பார்த்தார். ஆள் குறைவு என்று என்னிடம் சொன்னார், நானும் நம்பினேன். அந்தப் பணத்தில் கம்பெனி ஆட்கள் நடத்தும் ஏலச்சீட்டு ஒன்றில் சேர்ந்து கட்டிவந்திருக்கிறார். எடுத்தால் ஒரு லட்சம் வரும், சீட்டு முடிய இன்னும் மூன்று தவணைதான் என்றார். அதைச் சொல்லும்போது அவர் முகத்தில் ஒரு சின்ன வெளிச்சம் வந்தது. அப்புறம் தலையைக் குனிந்துகொண்டு சொன்னார்.

"ஆனா முடியல மா. போன வாரம் உருக்கின இரும்பு சட்டியோட வந்துகினு இருக்கேன். ஒரு செகண்டு கண்ணு சொருகிடுச்சி. எங்க நிறுத்தணுமோ அங்க நிறுத்தல. கீழ ரெண்டு பேரு நின்னுகினு இருந்தாங்க. சூபர்வைசர் கத்தினான். அதனால புடிச்சிட்டேன். அப்புறம் ஷிப்ட் முடியற வரைக்கும் கை நடுங்கிக்கினே இருந்துச்சி."

கையை நீட்டிக் காட்டினார். அப்போது நடுங்கவில்லை. சுண்ணாம்புத் தூள் படிந்திருந்தது. நான் அந்தக் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன். அதுவரை பயந்ததெல்லாம் வீட்டைப் பற்றி. எனக்குத் தெரியாமல் இந்த மனிதர் ஒன்றரை வருடமாகத் தலைக்கு மேலே நெருப்பைத் தூக்கிக்கொண்டு, தூக்கமில்லாமல் போய்வந்திருக்கிறார். கீழே நின்ற அந்த இரண்டு பேருக்கும் வீடு இருந்திருக்கும், பெண்டாட்டி பிள்ளை இருந்திருக்கும்.

"இனிமே டபுள் ஷிப்ட் கெடையாது" என்றேன்.

"அப்போ டப்புக்கு இன்னா பண்றது?"

தெரியாது என்றேன். ஆனால் அன்று பகல் முழுக்க இரண்டு பேரும் தரையில் உட்கார்ந்து கணக்குப் போட்டோம். திருவள்ளூரில் அந்த அதிகாரி சொல்லி நான் காதில் வாங்காததெல்லாம் ஒவ்வொன்றாக நினைவுக்கு வந்தது. மறுநாள் அவருக்குப் போன் செய்து, ஸ்பீக்கரில் போட்டு, இரண்டு பேரும் கேட்டோம். தவணையை மாதம் இரண்டாயிரத்து எண்ணூறு கூட்டிப் பதினெட்டாயிரத்து முந்நூறு ஆக்கி, சீட்டில் வரும் ஒரு லட்சத்தை அசலில் கட்டினால் எத்தனை மாதம் மிஞ்சும் என்று கேட்டேன். தட்டும் சத்தம் கேட்டது.

"நூத்தி எண்பத்தி ஒண்ணு."

பதினைந்து வருடம், ஒரு மாதம். அவருடைய ஐம்பத்தெட்டு. இனிமேல் கட்டவேண்டியது ஐம்பத்து மூன்று லட்சத்துக்குப் பதிலாக முப்பத்து நான்குக்குள் முடியும் என்றார் அதிகாரி. மாதம் இரண்டாயிரத்து எண்ணூறும் ஒரு லட்சமும் சேர்ந்து இருபது லட்சத்தைத் தடுக்கும் என்பதை நாங்கள் உடனே நம்பவில்லை. மறுபடி போடச் சொன்னோம். அதே எண்தான் வந்தது. என் கணவர் போனைப் பார்த்தபடியே இருந்தார். "இத மொதல்லயே யாராச்சும் சொல்லியிருந்தா..." என்றார்.

ஓவர்டைம் இல்லாமல் அந்த இரண்டாயிரத்து எண்ணூறு எங்கிருந்து வரும் என்பதுதான் மிச்சம் இருந்தது. ஸ்கூட்டர் வேண்டாம் என்றாயிற்று. அது செலவைத் தடுத்ததே தவிர வரவைக் கூட்டவில்லை. பின்பக்கப் படுக்கையறைக்குத் தனியாக ஒரு கதவும், அதை ஒட்டிக் கழிவறையும் உண்டு. அது மகளின் அறை. சிப்காட்டில் வேலைக்கு வரும் ஒடிசாக்காரர்கள் அறை தேடி அலைவது எங்களுக்குத் தெரியும். இரண்டு பேரும் அந்தக் கதவைப் பார்த்தோம். யார் முதலில் சொல்வது என்று ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம்.

மகளிடம் நான்தான் சொன்னேன். எல்லாவற்றையும் சொன்னேன், எண்களோடு. அவள் கேட்டுவிட்டு, சுவரில் தான் ஒட்டியிருந்த படங்களைப் பார்த்தாள்.

"எவ்ளோ நாளைக்கு?"

"தெரியல மா. நீ பன்னெண்டாவது முடிக்கிற வரைக்கும் ஆவலாம். அதுக்கு மேலயும் ஆவலாம்."

"ஊடு போயிடுமா?"

"போவாது" என்றேன். என் குரல் எனக்கே நம்பும்படி இல்லை. அவள் எழுந்து போய் படங்களை ஒவ்வொன்றாக, கிழியாமல் பிரித்தெடுத்தாள். உதவிக்குப் போனேன். "நானே எடுக்கறேன்" என்றாள்.

ஏலச்சீட்டை எடுக்க அடுத்த ஏலம் வரை காத்திருக்கவேண்டி வந்தது. அந்த மூன்று வாரம் இன்னொரு பயம். நடத்துகிறவன் ஓடிவிட்டால்? வேறு யாராவது அதிகத் தள்ளுபடிக்குக் கேட்டுவிட்டால்? பணம் கைக்கு வந்த அன்றே, சாப்பிடாமல்கூட, இரண்டு பேரும் திருவள்ளூருக்கு பஸ் ஏறினோம். பணப்பையை நான் மடியில் வைத்து இறுக்கிப் பிடித்திருந்தேன். பணத்தை கவுன்ட்டரில் கட்டி, ரசீது வாங்கி, அதிகாரியின் முன்னால் உட்கார்ந்தோம். அவர் ஒரு படிவத்தைக் கொடுத்தார். அதில் ஒரு வரியை எனக்குப் படித்துக் காட்டச் சொன்னேன். அசலில் பணம் கட்டினால், தவணையைக் குறைப்பதா, மாதத்தைக் குறைப்பதா என்று அதில் இரண்டு கட்டம் இருந்தது. எதையும் குறிக்காமல் விட்டால் என்ன ஆகும் என்று கேட்டேன்.

"அப்போ சிஸ்டம் எது வெச்சிருக்கோ அது ஆகும்."

மாதத்தைக் குறைக்கும் கட்டத்தில் டிக் போட்டேன். அழுத்திப் போட்டதில் தாள் கொஞ்சம் கிழிந்தது. என் கணவர் என்னிடமிருந்து பேனாவை வாங்கி, அதே டிக்கின் மேல் இன்னொரு முறை போட்டார். புதிய அட்டவணையைக் கையில் வாங்காமல் எழமாட்டேன் என்று உட்கார்ந்திருந்தேன். முக்கால் மணி நேரம் ஆயிற்று.

பின்னறைக்கு வந்தவர்கள் புதிதாகக் கல்யாணமானவர்கள். கணவனுக்கு இரும்புக் கம்பி உருட்டும் ஆலையில் வேலை. வாடகை மூவாயிரத்து ஐந்நூறு. அந்தப் பெண்ணுக்குத் தமிழ் வராது, எனக்கு இந்தி வராது. முதல் மாதம் கையைக் காட்டியே பேசினோம். அவர்கள் கடுகெண்ணெயில் தாளிக்கும் வாசம் வீடு முழுக்கப் பரவும். மகள் ஹாலில் மடக்கு மேசை போட்டுப் படிக்கிறாள். சில நாள் எரிந்து விழுவாள்.

இப்போது ஒன்றரை வருடம் ஆகிவிட்டது. என் கணவர் ஒரு ஷிப்ட் மட்டும் பார்க்கிறார். பயம் போய்விட்டது என்று சொல்லமுடியாது. வட்டி பற்றிச் செய்தி வரும் நாளில் டி.வி. சத்தத்தைக் கூட்டி வைத்துவிட்டு இரண்டு பேரும் நின்றுகொண்டே பார்க்கிறோம். போன மாதம் கால் பர்சென்ட் குறைந்ததாக மெசேஜ் வந்தது. அவர் போனை என்னிடம் நீட்டி, "நல்லதா, கெட்டதா, படிச்சி சொல்லு" என்றார். படித்தேன். தவணையைக் குறைக்கப் போவதாக இருந்தது. உடனே போன் செய்தேன்.

"தவணைய கொறைக்காதீங்க சார். மாசத்த கொறைங்க."

எழுதிக் கொடுக்கவேண்டும் என்றார்கள். சனிக்கிழமை லீவு சொல்லிவிட்டு, திருவள்ளூர் போக முதல் பஸ்ஸுக்கே நின்றேன்.